துரோகி என்ற சொல்

மர ஆராய்ச்சியாளர் கார்னரைத் துரோகி என்று ஏசியவர்கள் உண்டு. 1942-இல் சிங்கப்பூர் விழுந்தபோது மற்ற வெள்ளைக்காரர்கள் சிறைமுகாமுக்குப் போனார்கள். இவரோ தாவரவியல் பூங்காவில் ஜப்பானியப் பேராசிரியர்களோடு வேலை பார்த்தார். குற்றம் இதுதான். முகாமில் பட்டினி கிடந்தவன் ஏசினால் எனக்குப் புரிகிறது. சாய்வு நாற்காலியில் கிடப்பவன் ஏசுவதுதான் புரியவில்லை. உச்சிக் கிளையின் பூவையும் காயையும் பறித்துவரக் குரங்குகளைப் பழக்கி, மலாயாவின் சாலையோர மரங்களைப் பற்றி 1940-இல் இரண்டு தொகுதிகள் வெளியிட்ட மனிதர் அவர். (அந்தக் குரங்குகளிடமும் எந்தக் கொடிக்கு விசுவாசம் என்று கேட்பார்களோ?) உலர்த்தி ஒட்டிவைத்த இலைகளையும் நூலகத்தையும் கொள்ளைக்காரனுக்கு விட்டுவிட்டு, கம்பி வேலிக்குள் போய் உட்கார்ந்திருந்தால் உத்தமராகியிருப்பாரோ? 1945-இல் ஆங்கிலேயர் திரும்பி வந்தபோது ஏடும் இலையும் அழியாமல் கிடைத்தன. துரோகி காத்தவை என்று யாரும் அவற்றைத் தீயில் போட்டுவிடவில்லையே!