யார் மேல் குற்றம்?

1952 தீபாவளிக்கு மதுரை தங்கம் தியேட்டர் திறந்தபோது அங்கே முதலில் ஓடிய படம் 'பராசக்தி'. சிவாஜி கணேசனுக்கு அது முதல் படம். கோர்ட்டில் அவர் பொழிந்த வசனத்தை யாரும் மறக்கவில்லை. ஆனால் சகோதரிகளே, அதே கோர்ட்டில் கண்ணீரோடு நின்ற கல்யாணியை நினைத்துப் பார்த்தோமா?

அண்ணன்மார் மூவரும் ரங்கூனில், தங்கை மதுரையில். யுத்தம் குறுக்கே வந்தது. தங்கையின் கல்யாணத்துக்கு ஒருவனுக்குத்தான் கப்பல் டிக்கெட் கிடைத்தது. அவனும் வேளைக்கு வந்து சேரவில்லை. கணவனையும் தகப்பனாரையும் இழந்தவள், கைக்குழந்தையோடு இட்லி சுட்டு விற்றாள். மதுரையில் குண்டு விழவில்லை. அவள் வாழ்க்கையில் விழுந்தது. கடைசியில் குற்றவாளியாக நின்றவளும் அவள்தான்!

பிரெஞ்சு டைரக்டர் ஆபெல் கான்ஸ் 1919-லேயே இப்படி ஒரு மௌனப் படம் எடுத்தார். பெயர் 'ஜாக்யூஸ்', 'நான் குற்றம் சாட்டுகிறேன்' என்று பொருள். எடித்தின் கணவனும், அவளை நேசிக்கும் கவிஞனும் போர்முனைக்குப் போகிறார்கள். எதிரிச் சிப்பாய்களிடம் சிக்கிய அவளோ குழந்தையோடு ஊர் திரும்பி, கணவனின் சந்தேகத்துக்கு ஆளாகிறாள். முடிவில், மாண்ட வீரர்கள் எழுந்து வந்து ஊராரிடம் நியாயம் கேட்கிறார்கள். அதில் நடித்தவர்கள் லீவில் வந்த நிஜச் சிப்பாய்கள். பலர் சில வாரங்களில் மடிந்ததாக கான்ஸ் பிறகு சொன்னார்.

இதெல்லாம் வெறும் கதையா? 1942-ல் பர்மாவிலிருந்து லட்சக்கணக்கான இந்தியர் காடும் மலையும் கடந்து நடந்தே வந்தார்கள். வழியிலேயே மாண்டவர்கள் ஏராளம். அவர்களுக்காக வாசலில் காத்திருந்த பெண்கள் நம் பக்கத்து ஊர்களிலும் இருந்தார்கள். உங்கள் வீட்டுப் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள். ஒரு கல்யாணி அகப்படுவாள்.