கோடு விழுங்கிய வெள்ளிக்கிழமை!

வியாழக்கிழமை இரவு படுத்தார்கள். காலையில் எழுந்தால் சனிக்கிழமை! நடுவே இருந்த வெள்ளிக்கிழமை எங்கே?

இது மாயாஜாலக் கதை அல்ல. பசிபிக் கடலில் உள்ள சமோவா நாட்டில் 2011-ம் ஆண்டு நடந்தது. அந்த ஆண்டு டிசம்பர் 30-ந் தேதி அங்கே பிறக்கவே இல்லை.

உலகைச் சுற்றி வந்தால் எங்காவது ஓரிடத்தில் தேதி மாறித்தானே ஆகவேண்டும்? அதற்காகக் கடலில் ஒரு கோடு இருப்பதாக வைத்துக்கொண்டார்கள். அதுதான் சர்வதேசத் தேதிக்கோடு. கோட்டுக்கு மேற்கே இன்று என்றால், கிழக்கே நேற்று!

அமெரிக்க வியாபாரத்துக்காக 1892-ல் சமோவா கிழக்குப் பக்கம் சேர்ந்தது. அப்போது ஜூலை 4-ந் தேதி இரண்டு முறை வந்தது. பிறகு ஆஸ்திரேலியா, நியூசிலாந்துடன் வியாபாரம் பெருகியது. இங்கே வெள்ளி என்றால் அங்கே சனி, விடுமுறை. இவர்கள் ஞாயிறன்று மாதா கோவிலில் இருக்க, அங்கே திங்கட்கிழமை வேலை மும்முரம். வாரத்தில் இரண்டு நாள் பாழ்!

ஆகவே கோட்டின் மறுபக்கம் தாவினார்கள். அது சரியே என்பேன். மனிதன் போட்ட கோடுதானே!

ஆனால் கூலிக்காரர் கதி? "நாளே இல்லை, கூலி ஏது?" என்று முதலாளி கேட்டால்? வாரத் தவணைக்காரன் ஒரு நாளைக் கழித்துக்கொள்வானா? அரசாங்கம் இதையும் யோசித்தது. அந்த வெள்ளிக்கிழமை வேலைக்கு வரவேண்டியவர்களுக்குச் சம்பளம் கொடுத்தே தீரவேண்டும் என்று உத்தரவு போட்டது.

வராத நாளுக்குச் சம்பளம் வந்தது!