ஐந்து நொடியில் ஒரு மாதம்



புதுச்சேரிக் கதிர்காமத்தில் உள்ள எங்கள் இல்லத்தில், பள்ளி விடுமுறையின்போது என் இளைய மகள் புளியங்கொட்டைகளைத் தரையில் வரிசையாக வைத்து, அவற்றை நெல்லளவு நகர்த்துவதும் கைப்பேசியில் படம் எடுப்பதுமாக இருந்தாள். "பொழுதை வீணாக்காதே" என்று கடிந்துகொண்டேன். "சற்றுப் பொறுங்கள் அத்தா" என்றவள், படங்களைத் தொடர்ந்து ஓடவிட்டுக் காட்டினாள். கொட்டைகள் எறும்புச் சாரையாய் ஊர்ந்து சென்றன!

ஸ்டாப் மோஷன் என்னும் இக்கலையின் நுட்பம் எளியது. அசையாப் பொருளைச் சிறிது சிறிதாக நகர்த்தி, ஒவ்வொரு நிலையையும் தனிப்படமாக்கி, நொடிக்கு 12 படங்கள் வீதம் ஓட்டினால், அது தானே நடப்பதாகக் கண் நம்பிவிடும். பிரான்சின் எமில் கோல் 1908இல் தீக்குச்சிகளை இவ்வாறு நடமாட வைத்தார். நம் நாட்டின் தாதாசாகேப் பால்கேயும் பின்னாளில் தீக்குச்சிகளைக் கொண்டு ஒரு குறும்படம் எடுத்தார். அதற்கு முன்பே, 1912இல், தொட்டியில் பட்டாணி விதைத்து, அது முளைத்துக் கொடியாவதைப் படமாக்கி, ஏறத்தாழ ஒரு நிமிடத்தில் சுருக்கிக் காட்டினார். 1913இல் வெளிவந்த 'ராஜா ஹரிச்சந்திரா'வுக்குப் பொருளுதவி கிடைக்க வழிவகுத்தது அந்தச் சிறு செடியே.

இதைக் கூறியதும், மகள் ஒரு கொட்டாங்கச்சியில் அவரை விதையை ஊன்றித் திண்ணையில் வைத்தாள். காலையில் ஒன்று, மாலையில் ஒன்று. 30 நாட்களில் 60 படங்கள். ஓட்டிப் பார்த்தால் ஐந்தே நொடிகள்! மண் பிளந்தது, வளைந்த தண்டு தலை நிமிர்ந்தது, இலைகள் கைகளைப் போல் விரிந்தன. அனைவரும் மெய்ம்மறந்தோம்.

மீண்டும் பார்த்தபோதுதான் படத்தின் ஓரம் என் கண்ணில் பட்டது. திண்ணையில் வழக்கமாக அமரும் என் தாயார் அங்கே இருந்தார். முதல் வாரத்தில் நேராக அமர்ந்திருந்தவர், இறுதி நாட்களில் சுவரில் முழுவதும் சரிந்திருந்தார். செடி நிமிர நிமிர, அவர் தளர்ந்துகொண்டே வந்திருக்கிறார்.

நாள்தோறும் சலாம் கூறி அவரைக் கடந்து சென்றவன் நான். மறுநாளே மருத்துவரிடம் அழைத்துச் சென்றோம். "பிள்ளைகளுக்கு ஏன் சிரமம்" என்று முதுகுவலியை மறைத்து வைத்திருந்தாராம். இப்போது சிகிச்சையால் நலம் பெற்று வருகிறார்.

வாசகர்களே, இதற்குக் கேமராகூடத் தேவையில்லை. அன்றாடம் கடந்து செல்லும் இடத்தில் ஒருகணம் நின்று பாருங்கள். முளைக்கும் இலையும் தெரியும். தளரும் தாயும் தெரிவார்.