இராசாவின் லாயமும் மண்வெட்டியின் சாக்ஷியும்

ஒரு சங்கதியைப் பெரியவர்கள் சொல்லியிருக்கின்றார்கள், பழைய ஏட்டில் எழுதியிருக்கின்றது, வெகுகாலமாக எல்லோரும் நம்பி வருகின்றார்கள் என்கின்ற மூன்றும் சேர்ந்துவிட்டால், அப்புறம் அதைப்பற்றி விசாரிப்பதே தப்பு என்று நம் மக்களில் பலர் நினைத்துக் கொண்டிருக்கின்றார்கள். இம்மூன்றும் சேர்ந்திருந்தும் ஒரு சங்கதி நிற்காமல் போனதற்கு, இங்கிலாந்தின் வடபாகத்தில் உள்ள ஒரு சிறு கோட்டையை உதாரணமாக எடுத்துக்காட்ட விரும்புகின்றோம்.

ரோம் சக்ரவர்த்திகள் பிரிட்டன் தீவின் பெரும்பாகத்தை ஆண்டுவந்த காலத்தில், தங்கள் வட எல்லையில் கிழக்குக் கடற்பக்கமிருந்து மேற்குக் கடற்பக்கம் வரையில் சுமார் 73 மைல் தூரத்திற்கு ஒரு மதில் கட்டினார்கள். ரோமர் கணக்கில் மைலுக்கு ஒரு சிறு கோட்டை. ஒரு கோட்டைக்கும் அடுத்த கோட்டைக்கும் இடையில் இரண்டு காவல் கோபுரங்கள். இதுவே மதிலின் திட்டம். இவ்வரிசையில் 48-வது கோட்டை கில்ஸ்லாண்டு என்னும் ஊரண்டை, போல்ட்ராஸ் என்னும் ஓடைக்கரையில், ரயில் பாதைக்குப் பக்கத்தில் இடிந்து கிடக்கின்றது. அதற்கு மேற்கே வில்லோபோர்டு என்னுமிடத்தில் இரண்டு கோபுரங்களின் அடிச்சுவர்கள் இருக்கின்றன.

இக்கோட்டைக்கு அவ்வூர் ஜனங்கள் வைத்திருந்த பெயர் "இராசாவின் லாயம்" என்பதாகும். எந்த ராசா, எத்தனை குதிரை என்று கேட்டால் பதில் கிடையாது. ஜெர்மனியில் இதே ரோமர்கள் கட்டிய எல்லைச் சுவரின் ஒரு பாகத்திற்குப் "பிசாசின் சுவர்" என்றே பெயர். வெயிலிலும் பனியிலும் கல் சுமந்தவனின் பெயர் மறந்துபோன இடத்தில் ஒரு ராசாவையோ ஒரு பிசாசையோ கொண்டுவந்து உட்கார வைத்துவிடுகின்றார்கள். உழைத்தவனுக்கு மாத்திரம் அங்கு இடமில்லை.

பாமர மக்கள்தான் இப்படியென்றால் படித்தவர்களின் யோக்கியதையையும் பார்ப்போம். 6-ம் நூற்றாண்டில் இருந்த கில்டாஸ் என்னும் பாதிரியார், ரோமர்கள் நாட்டைவிட்டுப் போகும் தறுவாயில் கட்டப்பட்டதுதான் இம்மதில் என்று எழுதி வைத்தார். பிற்கால பண்டிதர்களோ, 211-ம் வருஷம் யார்க் நகரத்தில் இறந்துபோன செவரஸ் சக்ரவர்த்தி கட்டியது என்றார்கள். அவருக்கு முந்திய ஹேட்ரியன் சக்ரவர்த்தி மதில் கட்டியதாகவும் ஒரு பழைய நூலில் இருந்ததால், பக்கத்தில் உள்ள மண்மேடு ஹேட்ரியனுடையது, கல்மதில் செவரஸினுடையது என்று ஒரு சமாதானமும் செய்து கொண்டார்கள். ஏட்டோடு ஏட்டை ஒட்டவைக்க இவ்வளவு பாடுபட்டவர்கள், மதிலடியில் கிடந்த கல்லைப் போதிய அளவு கவனிக்கவில்லை.

1840-ல் ஜான் ஹாட்ஜ்ஸன் என்பவர் அந்தக் கல்லைக் கவனித்தார். இவரும் பாதிரியாரேயானாலும், முன்னோர் எழுதியதைவிடக் கல்லில் வெட்டியிருப்பதற்கே அதிக மதிப்புக் கொடுத்தார். இதே வரிசையில் 38-வது கோட்டையில் கிடைத்த கல்லில் ஹேட்ரியன் பெயரும், 122-ல் பிரிட்டனுக்குக் கவர்னராயிருந்த பிளடோரியஸ் நெபோஸ் பெயரும், வேலை செய்த இரண்டாவது பட்டாளத்தின் பெயரும் இருந்தன. ஆகவே கல்மதிலே ஹேட்ரியன் காலத்தது என்று அவர் வாதித்தார்.

பிறகு 1909 முதல் கிப்ஸன், சிம்ப்ஸன் என்ற இருவர் "இராசாவின் லாயத்தை"த் தோண்டி, 1911-ல் அறிக்கை வெளியிட்டார்கள். அவர்கள் செய்த வேலையில் மந்திரம் ஒன்றுமில்லை. ஒரு தளத்தின் மேல் மறுதளம் போடப்பட்டிருந்தால் கீழே உள்ளதுதான் முந்தியது. அதில் கிடைக்கும் ஓட்டாஞ்சல்லிகளும் நாணயங்களும் அதன் காலத்தைக் காட்டும். அடித்தளத்தில் கிடைத்தவை ஹேட்ரியன் காலத்தவை. கோட்டையும் கல்மதிலும் ஒரே வேலையின் பாகங்கள். ஆகவே ஒன்றின் வயதே மற்றதன் வயதுமாகும். உள்ளே இருந்தவை சிப்பாய்கள் படுத்த இரண்டு வரிசை அறைகள், ரொட்டி சுட்ட அடுப்புகள், மதில்மேல் ஏறும் படிக்கட்டின் அடிப்படிகள். ராசாவும் இல்லை, லாயமும் இல்லை.

வில்லோபோர்டு கோபுரங்கள் சொல்வது இன்னும் வேடிக்கையானது. கோபுரத்தின் இருபுறமும் அகலமான மதிலோடு சேருவதற்காகச் சிறு சுவர்களை நீட்டி விட்டிருக்கின்றார்கள். அஸ்திவாரமும் அகலமாகவே போட்டிருக்கின்றார்கள். ஆனால் அதன்மேல் வந்த மதிலோ குறுகலானது. ஆகவே கோபுரம் முந்தியது, மதில் பிந்தியது, நடுவில் அளவைக் குறைக்கும்படி உத்தரவு வந்திருக்கின்றது என்பது கண்ணுள்ள எவனுக்கும் விளங்கும். இந்த உத்தரவைப் பற்றி எந்தப் பழைய ஏட்டிலும் ஒரு வரி கிடையாது.

நிற்க, அந்தப் பண்டிதர்கள் சொன்னதை நம்பாதே, இந்த ஆராய்ச்சிக்காரர்கள் சொன்னதை நம்பு என்று நாம் சொல்வதாக யாரும் நினைக்க வேண்டியதில்லை. கிப்ஸனும் சிம்ப்ஸனும் இக்கோட்டையில் மூன்று காலங்களைக் கண்டார்கள். 1929-ல் பக்கத்துக் கோட்டையாகிய பேர்டோஸ்வால்டில் இரண்டு கல்வெட்டுகள் அகப்பட்டன. இவற்றையெல்லாம் வைத்து 197, 296, 367 ஆகிய வருஷங்களில் எதிரிகள் மதில் முழுவதையும் நாசம் செய்தார்கள் என்று அறிஞர்கள் ஒரு கணக்குக் கட்டினார்கள். அது பாட புஸ்தகங்களிலும் ஏறி, வெகுநாள் வேதவாக்காகவே இருந்தது. பின்னர் ஒவ்வொரு இடமாகத் தோண்டிப் பார்த்ததில் எல்லா இடத்துக்கும் அக்கணக்கு பொருந்தவில்லை. இடிந்ததெல்லாம் எதிரி இடித்ததல்ல. பழுது பார்த்ததும், ஆளில்லாமல் விட்டுப்போனதும் உண்டு என்று கண்டு, 20-ம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அதைக் கைவிட்டு விட்டார்கள்.

இதனால் சிம்ப்ஸனுக்கு ஒரு குறைவும் வந்துவிடவில்லை. எந்த மண்ணில், எந்தத் தளத்தின் கீழ், என்ன கிடைத்தது என்று அவர்கள் படம்போட்டு எழுதி வைத்ததனால்தான் பின்வந்தவர்கள் அதைச் சரிபார்க்க முடிந்தது. படித்தவனுக்கும் தப்பு வரும். அந்தத் தப்பைப் பிறர் கண்டுபிடிப்பதற்கு அவனே வழி வைத்திருக்கின்றானா என்பதே அறிவுக்கும் குருட்டு நம்பிக்கைக்கும் உள்ள வித்தியாசம்.

ஆகவே இனி எவராவது வந்து, இது இன்னார் கட்டியது, இது இத்தனை ஆயிரம் வருஷத்தது என்று சொன்னால், கோபித்துக்கொள்ளவும் வேண்டாம், கும்பிடவும் வேண்டாம். "ஐயா, இதற்குச் சாக்ஷி எங்கே? நாங்களும் வந்து பார்க்கலாமா?" என்று மாத்திரம் கேளுங்கள். வாருங்கள் என்று அழைப்பவன் பேச்சை உட்கார்ந்து கேட்கலாம். கேட்டதே பாவம் என்பவனிடத்தில் காட்டுவதற்கு ஒன்றுமில்லை என்பதே நமது அபிப்பிராயம்.