ஒரகடத்துப் பணம் ஒரகடத்தில் உயரட்டும்

நியூயார்க்கில் 1930இலும் 1931இலும் அடுத்தடுத்து உலகிலேயே உயரமானவை என்று பெயர் வாங்கிய இரண்டு கட்டடங்களுக்குப் பின்னாலும் கார் தொழிலில் சம்பாதித்தவர்கள் நின்றார்கள். கிரைஸ்லர் கட்டடத்தை வால்டர் கிரைஸ்லர் தன் கார் கம்பெனியின் பணத்தைத் தொடாமல், சொந்தப் பணத்தில் கட்டினார். அடுத்த வருஷமே அதை மிஞ்சிய எம்பயர் ஸ்டேட் கட்டடத்தைக் கிளப்பியவர் ஜான் ராஸ்காப். ஜெனரல் மோட்டார்ஸ் கம்பெனியின் நிதிப் பொறுப்பைப் பல வருஷம் பார்த்தவர் அவர்.

நான் லிஃப்ட் மெக்கானிக். சுங்குவார்சத்திரத்துக்குப் பக்கத்துக் கிராமம். ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம், படப்பை என்று சுற்றிச் சுற்றி லிஃப்ட் பார்த்துப் பிழைக்கிறேன். எங்கள் பகுதியிலும் கார் பணத்துக்குக் குறைவில்லை. 1998இல் இருங்காட்டுக்கோட்டையில் முதல் சான்ட்ரோ கார் வெளியே வந்தது. 2010இல் ஒரகடத்தில் ரெனோ-நிசான், 2012இல் பாரத்பென்ஸ் லாரி, 2013இல் ராயல் என்ஃபீல்டு. டயர் இங்கே, கண்ணாடி இங்கே, செல்போன் இங்கே. இத்தனையும் செய்கிற கைகள் ராத்திரியில் எங்கே போய்ப் படுக்கின்றன என்று கேட்டால் பதில் சொல்லக் கூச்சமாக இருக்கிறது. மாத்தூரிலும் வல்லத்திலும் வைப்பூரிலும் வயலை மேடாக்கி, வரிசையாகப் பத்துப் பதினைந்து அறை இழுத்து, மேலே தகரம் போட்ட லைன் வீடுகள். ஓர் அறைக்குள் ஆறு பேர், எட்டுப் பேர். பகல் ஷிப்ட் போனவனின் பாயில் நைட் ஷிப்ட் முடித்தவன் படுக்கிறான்.

இங்கே தொழில் நடத்துகிற கம்பெனிகள் தங்கள் தொழிலாளிகளின் குடும்பங்களுக்கு இங்கேயே, தங்கள் சொந்தச் செலவில், தங்கள் பெயரைப் போட்டு, மாடி மாடியாக வீடு கட்ட வேண்டும். இதை வெறும் ஆசையாகச் சொல்லவில்லை. உயரமான கட்டடம் என்ற ஒன்று உலகத்தில் எப்படி வந்தது என்பதைப் படித்துத் தெரிந்துகொண்ட பிறகுதான் சொல்கிறேன்.

என் தொழிலில் இருந்தே தொடங்குகிறேன். எலிஷா ஓட்டிஸ் 1854இல் நியூயார்க் கண்காட்சியில் ஒரு மேடையில் ஏறி உயரே நின்றுகொண்டு, மேடையைத் தாங்கிய கயிற்றை வெட்டச் சொன்னார். கயிறு அறுந்தது, மேடை நின்றது. இன்றைக்கும் கயிற்றில் ஓடும் லிஃப்டின் கூண்டுக்கு அடியில் இருக்கிற சேஃப்டி கியரின் மூதாதை அதுதான். 1857இல் பிராட்வேயில் ஒரு ஐந்து மாடிக் கடையில் ஆட்களை ஏற்றும் முதல் லிஃப்டை ஓட்டிஸ் பொருத்தினார். அதற்கு முன்னால் மேல் மாடிக்குத்தான் வாடகை குறைவு. படியேற யாருக்கும் மனசு வராது. லிஃப்ட் வந்தபின் காற்றும் வெளிச்சமும் உள்ள மேல் மாடிக்கு வாடகை ஏறியது. உயரத்துக்கு விலை வைத்தது லிஃப்ட். அடுத்து இரும்புச் சட்டகம் வந்தது. சிகாகோவில் வில்லியம் லெ பாரன் ஜென்னி 1885இல் முடித்த ஹோம் இன்ஷூரன்ஸ் கட்டடத்துக்குப் பத்து மாடி, 138 அடி. எடையைச் சுவர் தாங்காமல் சட்டகம் தாங்கியதால் அதை முதல் வானளாவி என்று பலரும் சொல்கிறார்கள்.

அந்தக் கட்டடத்தின் பெயரைக் கவனியுங்கள். இன்ஷூரன்ஸ். அலுவலகக் கட்டடங்களில் முதன்முதலாக ஆட்கள் ஏற லிஃப்ட் வைத்ததும், 1870இல், ஈக்விடபிள் என்ற ஆயுள் காப்பீட்டுக் கம்பெனிதான். ஐந்து காசு, பத்துக் காசுச் சாமான் விற்ற ஃபிராங்க் வுல்வொர்த் 1913இல் 792 அடி உயரக் கட்டடத்தை 1.35 கோடி டாலர் கையிலிருந்து கொடுத்துக் கட்டினார். சில்லறை சேர்ந்து உயரம் ஆனது. காப்பீட்டுக் கம்பெனிக்கும் அதே கணக்கு. சாதாரண ஜனம் வாரா வாரம் கட்டுகிற சிறு தொகை குவியும். இருபது முப்பது வருஷம் கழித்துத் திருப்பிக் கொடுத்தால் போதும். அவ்வளவு நாள் பொறுக்கிற பணம்தான் கட்டடத்துக்கு ஏற்ற பணம்.

சென்னையிலும் அதேதான் நடந்தது. என் அப்பா தலைமுறையில் எங்கள் ஊரிலிருந்து பட்டணம் போனவர்கள் செத்த காலேஜ் என்ற மியூசியம், உயிர் காலேஜ் என்ற மிருகக்காட்சிசாலை, அப்புறம் மவுண்ட் ரோட்டில் எல்.ஐ.சி. பதினாலு மாடி, இந்த மூன்றையும் பார்க்காமல் திரும்ப மாட்டார்கள். கழுத்தை அண்ணாந்து பார்த்ததை ஊர் வந்து மாதக்கணக்கில் சொல்வார்கள். எல்.ஐ.சி. என்று பெயர் நிலைத்துவிட்டதால் அது அரசாங்கம் போட்ட திட்டம் என்றே பெரும்பாலோர் நினைக்கிறோம். அதைக் கனவு கண்டவர் ஒரு தனி மனிதர்: எம்.சிடி.எம். சிதம்பரம் செட்டியார். (சேப்பாக்கம் மைதானத்துக்குப் பெயர் தந்தவர் எம்.ஏ. சிதம்பரம், அவர் வேறு, இவர் வேறு.) இருபத்தெட்டு வயதில், 1937 பிப்ரவரி 10 அன்று, காரைக்குடி, சென்னை, ரங்கூன் என்று மூன்று ஊரிலும் ஒரே நாளில் இந்தியன் ஓவர்சீஸ் வங்கியைத் திறந்தவர். யுனைடெட் இந்தியா ஆயுள் காப்பீட்டுக் கம்பெனியும் அவருடையது. அதன் தலைமையகமாக 1953இல் மவுண்ட் ரோட்டில் வேலையைத் தொடங்கினார். போட்ட திட்டம் 18 மாடி. சுண்ணாம்பும் செங்கல்லும் ஆண்ட ஊரில் கான்கிரீட் தூணை நம்பி அவ்வளவு உயரம் போகத் துணிந்தது சாதாரண நெஞ்சு இல்லை.

அவர் அதைப் பார்க்கவில்லை. 1954 மார்ச் 13 அன்று சிங்கப்பூர் காலாங் விமான நிலையத்தில் இறங்கிய விமானம் விபத்துக்குள்ளாகி இறந்தவர்களில் அவரும் ஒருவர். வயது 45. 1956 ஜனவரியில் ஆயுள் காப்பீட்டுத் தொழிலை அரசு எடுத்துக்கொண்டது, செப்டம்பரில் எல்.ஐ.சி. பிறந்தது, பாதியில் நின்ற கட்டடமும் அதன் கைக்கு வந்தது. லண்டனிலிருந்து வந்து வரைந்த பிரவுன், மவுலின் இருவரும் நடுவிலேயே விலகிக்கொள்ள, நம் ஊர்க் கட்டடக் கலைஞர் எல்.எம். சித்தாலே பொறுப்பேற்றார். கோரமண்டல் இன்ஜினியரிங் கம்பெனி கட்டியது. உயரம் குறைக்கப்பட்டு 177 அடியில் முடிந்தது. செலவு 87 லட்சம் ரூபாய். 1959 ஆகஸ்ட் 23 அன்று நிதியமைச்சர் மொரார்ஜி தேசாய் திறந்து வைத்தார். 1961இல் பம்பாயில் உஷா கிரண் எழும்பும் வரை நாட்டிலேயே உயரமான கட்டடம் அதுதான்.

செட்டியாரின் பெயர் அந்தக் கட்டடத்தோடு சேர்ந்து ஜனங்கள் வாயில் வராதது எனக்கு வருத்தம்தான். அதைவிட, அவர் செய்ததில் எனக்குப் பெரிதாகத் தெரிவது ஒன்று உண்டு: பணம் சேர்த்த ஊரில், எல்லோர் கண்ணிலும் படுகிற இடத்தில், அதைக் கட்டடமாக நிறுத்தத் துணிந்தார்.

இனி எங்கள் பகுதிக்கு வருகிறேன். இங்கே ஏன் எதுவும் உயரவில்லை? தொழிற்சாலை படுத்துத்தான் இருக்கும், அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஹென்றி ஃபோர்டு 1910இல் ஹைலண்ட் பார்க்கில் நாலு மாடி ஆலை கட்டினார். அசெம்பிளி லைன் ஓடத் தொடங்கிய பிறகு ஒரே தரையில் நீளமாகப் போவதுதான் வசதி என்று ரூஜ் ஆலைக்குப் போனார். ஆனால் வீடு ஏன் படுக்க வேண்டும்? காரணம் நிலம். சிகாகோவிலும் மன்ஹாட்டனிலும் மனை விலை எகிறியது. சதுர அடிக்குச் சதுர அடி வருமானம் பார்க்க மேலே போனார்கள். இங்கே கம்பெனிகளுக்கு அரசாங்கத்தின் தொழிற்பேட்டை நிறுவனமான சிப்காட் மூலம் நிலம் நீண்ட காலக் குத்தகையில் ஏக்கர் ஏக்கராகக் கிடைத்தது. தொழிலாளியின் வீட்டைப் பற்றி யோசிக்க வேண்டிய கட்டாயம் யாருக்கும் வரவில்லை. அந்தப் பொறுப்பை வயல் வைத்திருந்தவர்கள் தலையில் ஏற்றிக்கொண்டார்கள், லைன் வீடாக.

அதற்கு நாங்கள் கொடுத்த விலை ஏரிப் பாசனம். எங்கள் பக்கம் ஊருக்கு ஓர் ஏரி. ஏரிக்குத் தண்ணீர் கொண்டுவரும் கால்வாய்மேல் அறை, கலங்கல் வழியை அடைத்து அறை. 2015 டிசம்பர் மழையில் செம்பரம்பாக்கம் ஏரியைத் திறந்துவிட்ட செய்திதான் நாடு முழுக்கப் போனது. அதே மழையில் எங்கள் ஊர்களில் லைன் வீடுகளுக்குள் இடுப்பளவு தண்ணீரில் அரிசி மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு நின்றவர்களை நான் பார்த்தேன். அதில் பாதிப் பேருக்கு, யாரிடமாவது போய் உதவி கேட்கத் தமிழ்கூடத் தெரியாது. நூறு குடும்பத்தைப் பரப்பி வைத்தால் ஏரி போகும். அடுக்கி வைத்தால் ஏரி மிஞ்சும்.

அடுக்கலாம் என்பதைக் காட்டியும்விட்டார்கள். 2021 டிசம்பரில் ஃபாக்ஸ்கான் ஆலையின் பெண் தொழிலாளிகள் தங்கிய விடுதி ஒன்றில் சாப்பாடு விஷமாகி நூற்றுக்கும் மேற்பட்டோர் ஆஸ்பத்திரிக்குப் போக, மற்ற பெண்கள் பெங்களூர் நெடுஞ்சாலையில் உட்கார்ந்தார்கள். ஆலையே சில வாரம் மூடிக்கிடந்தது. உறங்கும் இடமும் உற்பத்தியில் ஒரு பாகம்தான் என்று எல்லோருக்கும் புரிய வைத்தவர்கள் அந்தப் பெண்கள். 2024 ஆகஸ்ட் 17 அன்று வல்லம் வடகாலில் முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் ஃபாக்ஸ்கான் பெண் தொழிலாளிகளுக்கான குடியிருப்பைத் திறந்தார். 20 ஏக்கரில் 13 பிளாக், ஒவ்வொன்றும் பத்து மாடி, மொத்தம் 18,720 பேர் தங்கலாம். 706.50 கோடி ரூபாய். கட்டியது சிப்காட், அதாவது அரசாங்கம். இதே ஆட்களை லைன் வீட்டில் பரப்பியிருந்தால் எத்தனை வயல் போயிருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன். அந்த வளாகத்தை மனசாரப் பாராட்டுகிறேன்.

ஆனால் அது படுக்கைகளின் கட்டடம். ஓர் அறைக்கு ஆறு கட்டில். திருவண்ணாமலைப் பக்கமிருந்து வந்து இங்கே ஒரு ஆலையில் வேலை செய்யும் பெண் ஒருத்தி, தான் தங்கியிருந்த விடுதியில் நான் லிஃப்ட் பார்த்துக்கொண்டிருந்தபோது சொன்னாள்: “அண்ணே, அடுத்த தையில எனக்குக் கல்யாணம். அவரும் ஒரகடத்துலதான் வேலை. ஆனா ரெண்டு பேரும் சேர்ந்து இருக்க வீடு பார்த்தா, சம்பளத்துல பாதி வாடகைக்கே போவுது. நான் வேலைய விட்டுட்டு ஊருக்குப் போய்டுவேன்போல.” நல்லா சால்டரிங் பழகின கை. அந்தக் கையை ஊருக்கு அனுப்பிவிட்டு, புதிதாக ஒரு பிள்ளைக்கு முதலிலிருந்து சொல்லிக்கொடுப்பதில் கம்பெனிக்குத்தான் என்ன லாபம்?

தொழிலாளிகள் நிலையாக இருப்பதில்லை, அதனால் குடும்ப வீடு கட்ட முடியாது என்று மேலாளர்கள் சொல்கிறார்கள். வீடு இல்லாததால்தான் நிலையாக இருப்பதில்லை என்று நான் சொல்கிறேன். நம் நாட்டிலேயே பார்க்கலாம். மதுரை ஆலைத் தொழிலாளிகளுக்கென்று உருவான ஹார்விபட்டியில் பேரப் பிள்ளைகள் வரைக்கும் வேர் பிடித்து வாழ்கிறார்கள். நியூயார்க்கில் 1909இல் 700 அடிக் கோபுரம் கட்டித் தன் உயரத்தைக் காட்டிய மெட்ரோபாலிடன் லைஃப் கம்பெனி அதோடு நிற்கவில்லை. 1940 வாக்கில் பிராங்ஸில் பார்க்செஸ்டர் என்று பன்னிரண்டாயிரத்துக்கும் அதிகமான வீடுகளை அடுக்குமாடிகளாகக் கட்டிச் சாதாரணக் குடும்பங்களுக்கு வாடகைக்கு விட்டது. அதில் ஒரு பெரும் அநியாயமும் இருந்தது: கறுப்பினத்தவரை உள்ளே விடவில்லை. இதை நான் மறைக்க மாட்டேன். ஏனென்றால் எங்கள் ஊர்களிலும் வாடகைக்கு அறை கேட்டுப் போனால் முதல் கேள்வி “நீங்க யாரு, எந்தத் தெரு?” என்பதுதான். ஒடிசாக்காரன் என்றால் ஒரு விலை, காலனி என்றால் அறையே இல்லை. இங்கே எழும்புகிற வீட்டில் அந்தக் கேள்விக்கு இடமே இருக்கக் கூடாது. ஒதுக்கீட்டு விதியிலேயே அதை எழுதிவிட வேண்டும்.

எனக்குத் தோன்றும் வழி இது. சிப்காட் இனி புதிதாக நிலம் ஒதுக்கும்போதும் விரிவாக்கத்துக்கு அனுமதி தரும்போதும், ஆட்கள் எண்ணிக்கைக்கு ஏற்பக் குடும்ப வீடு கட்டுவதை நிபந்தனையாக்கட்டும். நாலைந்து கம்பெனிகள் சேர்ந்துகூடக் கட்டலாம். வாடகை, தொழிலாளி வாங்கும் சம்பளத்தில் ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது. வேலை போனால் அன்றைக்கே வீட்டைக் காலி செய் என்று சொல்ல முடியாதபடி குத்தகைப் பத்திரம் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் வீடே சங்கிலியாகிவிடும். கட்டடத்துக்குக் கம்பெனி தன் பெயரைப் பெரிதாகப் போட்டுக்கொள்ளட்டும். வுல்வொர்த்தும் கிரைஸ்லரும் போட்டுக்கொண்டார்கள். பெயர் மேலே இருந்தால் கீழே அழுக்கு சேர விடமாட்டார்கள்.

என் தொழில் சம்பந்தமாகவும் சொல்ல வேண்டியிருக்கிறது. உயரம் என்றாலே நம் ஜனங்களுக்குப் பயம் வருவது நியாயம்தான். 1975இல் எல்.ஐ.சி. கட்டடமே பெருந்தீயில் எரிந்தது. இன்று தேசியக் கட்டட விதிகளின்படி 15 மீட்டரைத் தாண்டினால் தீயணைப்பு வீரர்களுக்கான லிஃப்ட் வேண்டும். அது தரையிலிருந்து கடைசி மாடிக்கு ஒரு நிமிஷத்துக்குள் போய்ச் சேர வேண்டும். இதைக் காகிதத்தில் காட்டி அனுமதி வாங்கிவிட்டு, ஆறு மாசத்தில் அந்த லிஃப்டைக் குப்பை இறக்கப் பயன்படுத்துகிற கட்டடங்களை நான் பார்த்திருக்கிறேன். சென்னை விளிம்பில் ஏழைகளுக்குக் கட்டிய அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றில், பராமரிப்புப் பணம் கட்டாததால் லிஃப்ட் நின்றுபோய், நிறைமாத கர்ப்பிணி ஏழாவது மாடிக்கு ஒவ்வொரு படியாக உட்கார்ந்து உட்கார்ந்து ஏறினதையும் பார்த்தேன். லிஃப்ட் நின்ற மாடி வீடு லைன் வீட்டைவிட மோசம்.

ஆகவே ஷிப்ட் மாறுகிற காலை ஆறு மணிக் கூட்டத்தைக் கணக்கில் வைத்து லிஃப்ட் எண்ணிக்கையை முடிவு செய்ய வேண்டும், சாதாரண அபார்ட்மெண்ட் கணக்கில் அல்ல. பிள்ளைப்பாக்கம் சிப்காட்டிலேயே கோனே கம்பெனி லிஃப்ட் செய்கிறது. உதிரிப் பாகத்துக்காக வாரக்கணக்கில் காத்திருக்க வேண்டிய ஊர் இல்லை இது. எங்கள் ஐ.டி.ஐ. பிள்ளைகளுக்கு இந்த வேலை கற்றுக்கொடுத்து ஒவ்வொரு வளாகத்திலும் இரவும் பகலும் ஓர் ஆள் இருக்கும்படி செய்ய முடியும். பராமரிப்பு ஒப்பந்தத்தைக் கட்டடம் நிற்கிற காலம் முழுக்கக் கம்பெனியே தன் பெயரில் எடுக்க வேண்டும். குடியிருப்போர் சங்கத்தின் தலையில் கட்டிவிட்டுப் போகக் கூடாது.