எந்தக் கோர்ட்டுக்குப் போவது?

"ஆறு மாதம் இருந்துகொள்" என்று உறவினருக்கு வீட்டைத் திறந்துவிடுகிறார் ஒருவர். ஆறு வருடம் ஆகியும் உறவினர் போகவில்லை. மதுரைக்கும் சுற்றுப்பட்டிக்கும் இது புதுக் கதை அல்ல.

வாடகைக்காரர் வேறு; அனுமதியின் பேரில் இருப்பவர் வேறு. வாடகைக்காரரைக் காலி செய்ய, 2019-ல் அமலுக்கு வந்த தமிழ்நாட்டுச் சட்டப்படி வாடகைக் கோர்ட்டுக்குப் போக வேண்டும். அனுமதியில் இருப்பவர் மீது சிவில் கோர்ட்டில் வழக்குப் போட வேண்டும். அதுவும் வீடு இருக்கும் எல்லையில்தான். வீடு திருமங்கலத்தில், சொந்தக்காரர் சென்னையில். அவர் சென்னையில் வழக்குப் போட முடியாது. கோர்ட்டு மாறிப் போனால் காலமும் பணமும் வீண்.

பத்திரத்தில் 'லைசென்சு' என்று எழுதிவிட்டால் போதுமா? போதாது. டில்லி ஓட்டல் வழக்கு ஒன்றில், அப்படி எழுதிய பத்திரத்தைக் குத்தகை என்றே 1959-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்மானித்தது. பெயரைவிட உண்மை நிலைதான் பெரிது.

அதற்காகப் பூட்டை உடைத்துச் சாமான்களைத் தெருவில் எறியலாமா? கூடாது. லைசென்சு காலம் முடிந்தவரையும் சட்டப்படிதான் வெளியேற்ற வேண்டும் என்று 1989-ல் அதே கோர்ட்டு கூறியது.

சாவியைக் கொடுக்கும் அன்றே, எதற்காக, எத்தனை நாள் என்று எழுதி இருவரும் கையெழுத்துப் போடுங்கள். உறவும் கெடாது; வீடும் போகாது.