நிற்கும் சுவருக்கு நாதியில்லை

திருச்சுழியில் 1879இல் ரமணர் பிறந்த இல்லம் சுந்தர மந்திரம் என்னும் பெயரில் பேணப்படுகிறது. மகிழ்ச்சியே. மகான் எவரும் பிறவாத வீட்டின் கதி என்ன? அதே வட்டாரத்து மல்லாங்கிணற்றிலும் அருப்புக்கோட்டையிலும் கடைவீதியில் வணிகரும் நெசவாளரும் எழுப்பிய காரைச் சுவர் இடிபட்டால், "பழசுதானே" என்று நகர்கிறோம். கீழடியில் மண்ணுக்கடியில் ஒரு செங்கல் வரிசை கண்டு பூரிக்கும் நாம், கண்ணெதிரே நிற்கும் தேக்குத் தூணைப் பழைய மரக்கடைக்கு அனுப்புகிறோம். ஏனிந்த ஓரவஞ்சனை?

தமிழ்நாடு மரபுரிமை ஆணையச் சட்டம் 2012இல் இயற்றப்பட்டது. நடைமுறைக்கு வர 2024 ஆயிற்று! இடைப்பட்ட பன்னிரண்டாண்டில் சரிந்த உத்திரங்களை எண்ணியவர் யார்?

வீட்டுக்காரரை மட்டும் பழிப்பது அழகன்று. ஒழுகும் கூரைக்கு வாடகை கிடைக்காது. பழுதுபார்க்க அரசு பணம் தரட்டும். இடிக்க அனுமதி வழங்குமுன், பேரூராட்சி அக்கட்டடத்தை ஒரு படமேனும் எடுத்து வைக்கட்டும்.